தண்ணீருக்குக் கண் விடாத சாலைகளும் தண்டவாளமும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஐப்பசி பிறந்து வடகிழக்குப் பருவமழை தொடங்கும் இந்த நாள்களில், தாமிரபரணியின் கடைமடைப் பகுதியில் வாழும் எங்களுக்கு 2023ஆம் ஆண்டின் மார்கழி முதல் நாள் நினைவுக்கு வராமல் இருப்பதில்லை. அன்று டிசம்பர் 17, ஞாயிற்றுக்கிழமை. அதிகாலையில் கோயில் ஒலிபெருக்கியில் திருப்பாவை கேட்ட ஊர்களில் இரவுக்குள் மின்சாரமும் இல்லை, கைப்பேசித் தொடர்பும் இல்லை. மறுநாள் காலை வரையிலான 24 மணி நேரத்தில் காயல்பட்டினத்தில் 95 செ.மீ. மழை பதிவானது. தூத்துக்குடி மாவட்டம் ஓராண்டு முழுவதும் பெறும் சராசரி மழையைவிட அது அதிகம். குமரிக்கடல் பகுதியில் நிலவிய வளிமண்டலச் சுழற்சியே காரணம் என்றார்கள். புயல் என்று பெயர் சூட்டப்படாத ஒன்று இவ்வளவு மழையைக் கொட்டும் என்று எங்களில் யாரும் எண்ணவில்லை.

அத்தகைய மழைக்கு எந்த ஊரும் தாங்காது என்பதை நான் அறிவேன். நான் எழுத வந்தது மழையின் அளவைப் பற்றியன்று. மழை ஓய்ந்த பிறகும் ஊர்கள் நாள்கணக்கில் தீவுகளாகக் கிடந்ததைப் பற்றியும், அதில் நாம் போட்டு வைத்திருக்கும் சாலைகளுக்கும் ரயில் பாதைக்கும் உள்ள பங்கைப் பற்றியும்தான்.

ஞாயிறு இரவு 8.25 மணிக்குத் திருச்செந்தூரிலிருந்து சென்னைக்குப் புறப்பட்ட செந்தூர் எக்ஸ்பிரஸ் ஸ்ரீவைகுண்டம் நிலையத்தில் நிறுத்தப்பட்ட செய்தியைத் தங்கள் வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். செய்துங்கநல்லூருக்கும் ஸ்ரீவைகுண்டத்துக்கும் இடையே தண்டவாளத்துக்கு அடியிலிருந்த சரளைக்கல்லையும் மண்ணையும் வெள்ளம் அரித்துச் சென்றுவிட, இரும்பும் சிலிப்பர் கட்டைகளும் அந்தரத்தில் தொங்கின. நிலைய அலுவலர் வண்டியை மேலே செல்லவிடாமல் நிறுத்தியதால் ஏறத்தாழ 800 உயிர்கள் பிழைத்தன. அவருக்கு எத்தனை முறை நன்றி சொன்னாலும் தகும். ஆனால் அந்தப் பயணிகளை மீட்க செவ்வாய்க்கிழமை ஆயிற்று. ஒரு பகுதியினர் அருகிலிருந்த பள்ளிக்கு முன்னரே அனுப்பப்பட்டிருந்தனர். மற்றவர்கள் வண்டியிலும் நடைமேடையிலும் இரண்டு இரவுகளைக் கழித்தனர். வெளியூர் வாசகர்கள் பலருக்குத் தெரியாத ஒன்றை இங்கே சொல்ல வேண்டும். ஸ்ரீவைகுண்டம் ஊர் ஆற்றின் வடகரையில் இருக்கிறது. அந்தப் பெயரைத் தாங்கிய ரயில் நிலையமோ தென்கரையில், புதுக்குடியில் இருக்கிறது. ஊரிலிருந்து உதவி வரவேண்டுமானால் பெருக்கெடுத்த ஆற்றைத் தாண்ட வேண்டும். ஹெலிகாப்டர் உணவுப் பொட்டலங்களைப் போடும் முன்பே, தங்கள் வீடுகளுக்குள் தண்ணீர் நின்ற நிலையிலும் அரிசியும் காய்கறியும் திரட்டிப் பயணிகளுக்குச் சோறு பொங்கிப் போட்டவர்கள் அந்தப் புதுக்குடி மக்கள்தான். பிறகு பயணிகளைத் தண்ணீரினூடே நடத்திக் கொண்டுபோய், பேருந்துகளில் வாஞ்சி மணியாச்சிக்கு அனுப்பி, அங்கிருந்து தனி ரயிலில் சென்னைக்கு ஏற்றினார்கள்.

அந்த ரயிலில் இருந்தவர்களைப் பற்றி நாடே பேசியது. ரயிலில் இல்லாமல் அதேபோல் அகப்பட்டுக் கிடந்த ஊர்கள் எத்தனையோ. நான் ஆழ்வார்திருநகரிக்குப் பக்கத்தில் வசிக்கிறேன். என் மூத்த சகோதரி ஆற்றுக்கு அக்கரையில் ஏரலில் இருக்கிறார். வெயில் காலத்தில் மாலை காப்பிக்குப் போய்விட்டு இருட்டும் முன் திரும்பிவிடும் தூரம். நான்கு நாள்கள் அவர் உயிரோடு இருக்கிறாரா என்பதே எங்களுக்குத் தெரியாது. ஏரலில் ஆற்றுப் பாலம் நின்றது. அதை ஊரோடு சேர்க்கும் அணுகுசாலையை வெள்ளம் கொண்டுபோயிற்று. கடைத்தெரு முழுவதும் தண்ணீருக்குள் போய், பொங்கலுக்கென்று வாங்கிக் குவித்திருந்த துணியும் பாத்திரமும் மளிகையும் சேறாயின. ஐந்தாம் நாள் நான் போய்ச் சேர்ந்தபோது அக்கா மாடியில் உட்கார்ந்து, நனைந்த ரேஷன் அட்டையையும் பத்திரங்களையும் விரித்துக் காயவைத்துக்கொண்டிருந்தார். "சோறு கெடந்துச்சு தம்பி, தண்ணிதான் இல்ல" என்றார். சுற்றிலும் வெள்ளம், குடிக்க ஒரு குடம் இல்லை.

இந்தப் பகுதியின் அமைப்பைச் சற்று விளக்கினால் என் வாதம் தெளிவாகும். தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டுகள். அவற்றில் கடைசி இரண்டான மருதூர், ஸ்ரீவைகுண்டம் ஆகியவற்றிலிருந்து பிரியும் கால்வாய்கள் 53 குளங்களை நிரப்பி, 46,107 ஏக்கர் நிலத்துக்குப் பாசனம் தருகின்றன. ஒரு குளம் நிறைந்தால் மறுகால் பாய்ந்து அடுத்த குளத்துக்குப் போகும். அது நிறைந்தால் அதற்கடுத்ததற்கு. கடைசியில் ஆற்றுக்கோ கடலுக்கோ போய்ச் சேரும். ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டிலிருந்து வடபுறம் பிரியும் கால்வாயான வடகாலின் கடைசிக் குளம் கோரம்பள்ளம். அது நிறைந்தால் உப்பாற்று ஓடை வழியே தண்ணீர் கடலுக்குப் போக வேண்டும். அந்த டிசம்பரில் கோரம்பள்ளம் குளத்தின் கரை உடைந்து, தண்ணீர் தூத்துக்குடி நகரத்துத் தெருக்களுக்குள் புகுந்து, வடிய இடமில்லாமல் நின்றது. தென்கால் பக்கம் கடம்பாகுளமும் அப்படியே. ஆக, எங்கள் பகுதியில் வெள்ளம் என்பது ஆறு கரை புரள்வது மட்டுமன்று. சங்கிலியாகக் கோத்த குளங்களில் ஒன்று உடைந்தால் அதன் தண்ணீர் முழுவதும் அடுத்த கரையின்மேல் போய் மோதும்.

இந்தச் சங்கிலியின் குறுக்கேதான் சாலைகளும் ரயில் பாதையும் கிடக்கின்றன. திருநெல்வேலி – திருச்செந்தூர் ரயில் பாதை 1923இல் திறக்கப்பட்டது. அதன் பின் சாலைகள் ஒவ்வொரு முறை புதுப்பிக்கப்படும்போதும் பழைய தார்மேல் புதிய தார் ஏறி, இரண்டு பக்கத்து வீடுகளும் வயல்களும் பள்ளத்தில் போய்விட்டன. உயர்ந்த சாலை என்றால் தண்ணீரின் கணக்கில் அது ஒரு குளத்தங்கரை; வேறுபாடு என்னவென்றால், குளத்தங்கரைக்கு மடையும் மறுகாலும் உண்டு, சாலைக்குப் பெயருக்கு ஒரு குழாய்ப் பாலம் இருக்கும். அந்தக் குழாயும் முள்செடியாலும் குப்பையாலும் அடைபட்டிருக்கும். தண்ணீர் ஒரு பக்கம் தேங்கி, கரை தாங்காமல் போகும் இடத்தில் அறுத்துக்கொண்டு பாய்ந்து, சாலையையும் தண்டவாளத்தையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு போகிறது. அறுபடாத இடத்தில் நாள்கணக்கில் நின்று பயிரை அழுகச் செய்கிறது. இரண்டுக்கும் காரணம் ஒன்றே. ஒரே நாளில் 95 செ.மீ. பெய்தால் தண்ணீர் போக எத்தனை கண் (திறப்பு) வைத்த பாலமும் வெள்ளத்தைத் தடுத்திருக்காது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இரண்டு நாளில் வடிய வேண்டிய தண்ணீர் பத்து நாள் நின்றதற்கு மழையைக் குற்றம் சொல்ல முடியாது.

நின்ற தண்ணீர் செய்த கேட்டை விவசாயிகளைக் கேட்டால் தெரியும். வாழை இரண்டு நாள் வெள்ளத்தைத் தாங்கும். ஒரு வாரம் வேரில் தண்ணீர் நின்றால் தார் பிடித்த வாழையும் சரியும். வெற்றிலைக் கொடிக்கால் அந்த அளவுக்குக்கூடத் தாங்காது. ஆத்தூர் வெற்றிலைக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது அதே 2023ஆம் ஆண்டில்தான் என்பதை நினைத்தால் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. உப்பளங்களில் குவித்து ஓலை மூடி வைத்திருந்த உப்பு கரைந்து போயிற்று. பாத்திகள் வண்டலால் மூடின. தை, மாசியில் தொடங்க வேண்டிய வேலை தள்ளிப்போனதால் உப்பளத் தொழிலாளர்களின் கூலியும் தள்ளிப்போயிற்று. கடுமையாகப் பாதிக்கப்பட்ட வட்டங்களின் குடும்பங்களுக்கு அரசு 6,000 ரூபாய் கொடுத்தது. அந்தப் பணம் உதவவில்லை என்று நான் சொல்ல மாட்டேன். என் தெருவில் அடுப்பு எரிந்தது அதனால்தான். ஆனால் ஒரு கொடிக்காலை மறுபடி எழுப்ப ஆகும் செலவுக்கும் அதற்கும் தொடர்பே இல்லை.

எச்சரிக்கை எப்போது வந்தது, போதுமான அளவில் வந்ததா என்று அப்போது மாநில அரசும் ஒன்றிய அரசும் மாறி மாறிப் பேசின. சென்னை வெள்ளம் வடிந்து இரண்டு வாரம்கூட ஆகாத நேரம் அது. அந்த விவாதத்தில் யார் வென்றார்கள் என்பது எனக்கு முக்கியமாகப் படவில்லை. எச்சரிக்கை ஒரு நாள் முன்னதாக வந்திருந்தாலும், எந்தச் சாலை வழியாக நாங்கள் வெளியேறியிருப்போம்? தேசிய நெடுஞ்சாலை, திருச்செந்தூர் சாலை, ரயில் பாதை, விமான நிலையம் ஆகிய நான்கும் ஒரே நேரத்தில் முடங்கின. கடற்கரை ஊர்களிலிருந்து மீனவர்கள் படகுகளை லாரியில் ஏற்றி வந்து மக்களை மீட்டார்கள். ரயில் பாதையைச் சீரமைத்து வண்டிகளை ஓடவிட ஜனவரி ஆயிற்று. இரவு பகலாக உழைத்த அந்தத் தொழிலாளர்களின் வேகத்தைப் பாராட்டுகிறேன். வேகமாகச் சீர்செய்த பாதையில் தண்ணீருக்கான கண்களைக் கூட்டினார்களா என்ற கேள்வியையும் கேட்க எனக்கு உரிமை உண்டு என்று நினைக்கிறேன்.

என் வேண்டுகோள் பெரிய அணை கட்டுவதோ ஆயிரம் கோடித் திட்டமோ அன்று. குளங்கள் நீர்வளத் துறையிடம் இருக்கின்றன. பெரிய சாலைகள் நெடுஞ்சாலைத் துறையிடமும் ஊர்ச் சாலைகள் ஊராட்சிகளிடமும் இருக்கின்றன. தண்டவாளம் ரயில்வேயிடம் இருக்கிறது. ஒவ்வொருவரும் தத்தம் கரையைப் பார்க்கிறார்கள். ஒரு குளத்தின் மறுகாலிலிருந்து கிளம்பும் தண்ணீர் கடல் வரை எதனெதன் அடியில் நுழைந்து போக வேண்டும் என்பதை ஒரே பார்வையில் பார்ப்பவர் யாரும் இல்லை. ஆண்டுதோறும் புரட்டாசி முடிவதற்குள் இந்தத் துறைகளின் பொறியாளர்கள், குளத்துப் பாசன விவசாயிகளையும் உடன் அழைத்துக்கொண்டு, ஒவ்வொரு மறுகால் ஓடையையும் கால்நடையாக நடந்து பார்க்க வேண்டும். எந்த இடத்தில் எத்தனை கண், அவற்றில் எத்தனை திறந்திருக்கின்றன, அடைபட்டதற்கு யார் பொறுப்பு என்பதைக் கிராமவாரியாக எழுதி, வட்டாட்சியர் அலுவலகப் பலகையில் ஒட்ட வேண்டும். சாலையை உயர்த்த ஒப்பந்தம் விடும்போது, உயரத்துக்கு ஏற்பக் கண்களையும் அகலப்படுத்துவதை அந்த மதிப்பீட்டிலேயே சேர்க்க வேண்டும். தங்கள் இதழ் அந்தப் பட்டியலைக் கேட்டு வாங்கி, வட்ட வாரியாக வெளியிட்டால் எங்களுக்குப் பேருதவியாக இருக்கும்.

இதை எழுதும் முன், எங்கள் ஊர்ச் சாலையில் குளத்து மறுகால் ஓடையைக் கடக்கும் சிறு பாலத்தைப் பார்க்கப் போயிருந்தேன். 2023இல் தண்ணீர் அதன் மேலே நெஞ்சளவு போயிற்று. மூன்று கண் கொண்ட பாலம் அது. கீழே இறங்கிக் குனிந்து பார்த்தேன். இரண்டு கண்களில் சீமைக்கருவேலமும் மண்ணும் அடைத்துக் கிடந்தன, ஒன்றில் மட்டும் அந்தப் பக்கத்து வெளிச்சம் தெரிந்தது.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் வாசகர்,
ஆழ்வார்திருநகரி வட்டாரம்,
தூத்துக்குடி மாவட்டம்.