புளியந்தீவு இரவு நடைக்கு அனுமதியும், பேய்க்கதைக்கு ஓர் எல்லையும் கோரும் மனு

அரசாங்க அதிபர் அவர்கள்,
மாவட்டச் செயலகம்,
மட்டக்களப்பு.

பொருள்: நகரின் பழைய பேய்க்கதைகளையும் குற்றக்கதைகளையும் சொல்லும் வழிகாட்டி நடைக்கு எழுத்துமூல அனுமதி வழங்குதல், அத்தகைய நடைகளில் அண்மைக்கால இறப்புகளைப் பேய்க்கதை ஆக்குவதைத் தடுத்தல்.

மதிப்பிற்குரிய அரசாங்க அதிபர் அவர்களுக்கு வணக்கம்.

நான் புளியந்தீவில் பிறந்து வளர்ந்தவன். 31 வருடங்கள் பாடசாலைகளில் வரலாறு படிப்பித்து ஓய்வுபெற்றவன். கடந்த 2 வருடங்களாகச் சனிக்கிழமை பின்னேரங்களில், கேட்டு வருபவர்களைக் கோட்டையைச் சுற்றியும் வாவிக்கரை வழியாகவும் கூட்டிக்கொண்டு நடந்து, இந்த ஊரின் பழைய கதைகளைச் சொல்லி வருகிறேன். கட்டணம் எதுவும் கிடையாது. விரும்பியவர்கள் தருவதை என்னோடு வரும் இரண்டு இளைஞர்களுக்குக் கொடுத்துவிடுவேன். ஆறு மணிக்குத் தொடங்கி எட்டு மணிக்குள் முடித்துவிடுவோம்.

பழைய கதை என்றால் பெரும்பாலும் பேய்க்கதையும் கொலைக்கதையும்தான். அதைத்தான் ஆட்கள் கேட்டு வருகிறார்கள், அதில் பிழையில்லை. வகுப்பறையில் 1638 என்று கரும்பலகையில் எழுதினால் கொட்டாவி விடும் பிள்ளை, இருட்டில் கோட்டைச் சுவரில் கையை வைத்துக்கொண்டு அதே 1638-ஐக் கேட்கும்போது கண் இமைப்பதில்லை. இதை நான் எத்தனையோ தடவை நேரில் பார்த்திருக்கிறேன்.

நடையில் நான் முதலில் சொல்வது ஒரு கொலையைத்தான். 1602-ஆம் ஆண்டு மே மாதக் கடைசியில் ஸ்பில்பேர்கன் என்ற ஒல்லாந்தக் கப்பல் தலைவன் மட்டக்களப்புக் கரைக்கு வந்தான். கண்டி அரசன் விமலதர்மசூரியன் அவனை நன்றாக உபசரித்து அனுப்பினான். அவனுக்குப் பின்னால் வந்தவன் செபால்ட் டி வேர்ட். போர்த்துக்கேயரை விரட்டக் கப்பல்களோடு உதவிக்கு வருவதாகச் சொல்லிவிட்டு, கடலில் பிடித்த போர்த்துக்கேயரையே விடுதலை செய்துவிட்டான். அவனுடைய ஆட்கள் இங்கே மாடுகளை அறுத்ததால் ஊர்ச்சனமும் கொதித்துப் போயிருந்தது. 1603 ஜூன் மாதம் அரசனோடு நடந்த சந்திப்பில் பேச்சு முற்றியது. குடிவெறியில் அரசியைப் பற்றியும் அவன் தகாத வார்த்தை சொன்னான் என்பார்கள். டி வேர்ட்டும் அவனோடு கரையிறங்கிய சுமார் 50 பேரும் அங்கேயே வெட்டப்பட்டார்கள். கூப்பிட்டு வைத்துக் கொன்றது குற்றமா, நம்பிக்கைத் துரோகத்துக்குக் கிடைத்த தண்டனையா என்று நான் வந்தவர்களிடமே கேட்பேன். காந்திப் பூங்கா வந்துசேரும் வரைக்கும் அவர்கள் அதையே விவாதித்துக்கொண்டு வருவார்கள்.

அடுத்தது கோட்டை. போர்த்துக்கேயர் 1628-இல் கட்டினார்கள். 10 வருடம்கூட முழுதாகக் கையில் இருக்கவில்லை என்று சொல்லலாம்; 1638 மே 18 அன்று ஒல்லாந்தத் தளபதி வெஸ்டர்வோல்ட் அதைப் பிடித்தான். இலங்கையில் போர்த்துக்கேயர் ஒல்லாந்தரிடம் இழந்த முதல் கோட்டை நம்முடையது. 1795-இல் ஆங்கிலேயர் வந்தார்கள். பிறகு கச்சேரி, அதாவது மாவட்ட அரச அலுவலகம், அங்கே வந்தது. பிறப்புச் சான்றிதழுக்கும் காணி உறுதிக்கும் அந்த வாசலால் எத்தனை தலைமுறை போய் வந்தது! இரவுக் காவலுக்கு இருந்தவர்கள் சப்பாத்துச் சத்தம் கேட்கும் என்று சொன்னதை நான் சின்ன வயதிலேயே கேட்டிருக்கிறேன். அதையும் சொல்வேன். மூன்று அரசுகள் ஏறி இறங்கிய இடத்தில் நாலு சப்பாத்துச் சத்தம் கேட்பதில் என்ன அதிசயம்?

வாவியின் சத்தக் கதைதான் எனக்கு மிகவும் பிடித்தது. பாடும் மீன் என்று நாம் எல்லோரும் சொல்கிறோம், மட்டக்களப்பின் அடையாளமே அதுதான். ஆனால் 1848 செப்டெம்பரில் இங்கே வந்த எமர்சன் டெனன்ட் என்ற ஆங்கில அதிகாரி, நிலா வெளிச்சத்தில் தோணியில் போய் அந்த ஓசையைக் கேட்டபோது, நம் மீனவர்கள் அவரிடம் மீனைக் காட்டவில்லை. ஊரி என்ற சிப்பியைத்தான் எடுத்துக் கொடுத்தார்கள். சிப்பிக்குள் இருக்கும் உயிர்தான் அழுகிறது என்றார்கள். ஈரவிரலால் கண்ணாடிக் கிண்ணத்தின் விளிம்பைத் தேய்த்தால் வரும் ஒலிபோல இருந்ததாக அவர் எழுதிவைத்திருக்கிறார். சுவாமி விபுலாநந்தரோ அதை நீரர மகளிரின், அதாவது நீரில் வாழும் தெய்வப் பெண்களின், இசையாகவே பாட்டில் வைத்தார். என் அம்மம்மாவுக்கு அது தண்ணியில் போன குமருகளின் குரல். நான் இவை எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, ஆங்கிலேயர் காலத்தில் கட்டிய கல்லடிப் பழைய பாலத்தில் ஆட்களைப் பேசாமல் நிற்கச் சொல்வேன். சில நாட்களில் ஒன்றும் கேட்காது. அப்போதும் ஒருவரும் ஏமாந்து போனதாகச் சொன்னதில்லை.

புளியமரத்து முனி, மட்டக்களப்புக்கு வந்தவனைப் பாயோடு ஒட்டவைக்கும் மந்திரம் என்று இன்னும் நிறைய இருக்கின்றன. புளியந்தீவு என்ற பெயர் புளியமரத்தால் வந்ததா, புளியன் என்ற தலைவனால் வந்ததா என்று கிழவர்கள் சண்டைபிடிப்பதையும் நான் விட்டுவைப்பதில்லை. 1814-இல் வந்து சேர்ந்த மெதடிஸ்த மிஷனரி வில்லியம் ஓல்ட், வரும் வழியில் கப்பலில் மனைவியைப் பறிகொடுத்தவர். இங்கே பள்ளிக்கூடங்கள் தொடங்கிவிட்டு ஒரு வருடம் நிறைவதற்குள் தானும் இறந்துபோனார். அவருடைய சிலையருகே நின்று இதைச் சொல்லும்போது பேய் தேவைப்படுவதே இல்லை.

ஐயா, இந்த மனுவை எழுதவைத்த காரணத்துக்கு இப்போது வருகிறேன்.

சென்ற வருடம் டிசெம்பர் மாதம் ஒருநாள் பின்னேரம் நாவலடிக்குப் போயிருந்தேன். 2004 டிசெம்பர் 26 சுனாமியில், கடலுக்கும் வாவிக்கும் நடுவே இருந்த அந்தக் கிராமம் என்ன ஆனது என்பது தங்களுக்குத் தெரியாததல்ல. அங்கே என் பழைய மாணவி ஒருத்தி நினைவுத்தூபியடியில் விளக்கேற்ற வந்திருந்தாள். அவளுடைய இரண்டு பிள்ளைகளும் அன்றைக்குப் போனவை. இருட்டத் தொடங்கிய நேரம் ஒரு வான் வந்து நின்றது. வெளியூர் இளைஞர்கள் பத்துப் பன்னிரண்டு பேர் இறங்கினார்கள். கூட்டி வந்தவர் டோர்ச் லைட்டைத் தன் முகத்துக்குக் கீழே பிடித்துக்கொண்டு, இந்த மணலில் இரவானால் பிள்ளைகள் அழும் சத்தம் கேட்கும் என்று தொடங்கினார். பிறகு சட்டைப்பையிலிருந்து ஒரு சின்ன ஸ்பீக்கரை எடுத்து, குழந்தை அழும் சத்தத்தைப் போட்டார். வந்தவர்களில் இரண்டு பேர் கத்தினார்கள். மற்றவர்கள் சிரித்தார்கள்.

என் மாணவி கையில் நெருப்புப் பெட்டியோடு அப்படியே நின்றாள். குச்சி ஒன்று பாதி வெளியே வந்தபடி இருந்தது. வான் போன பிறகுதான் வாய் திறந்தாள். "என்ட புள்ளைகள் அழல்ல சேர். அதுகளுக்கு அழ நேரமே கிடைக்கல்ல" என்றாள்.

அந்த வழிகாட்டி யார், எங்கிருந்து வந்தவர் என்று இங்கே எழுத நான் விரும்பவில்லை. ஒருவரைத் தண்டித்து முடிகிற விஷயம் இல்லை இது. இருட்டில் கதை சொல்லிப் பழகிய எனக்கும் அன்றைக்குக் கை நடுங்கியது. நான் செய்வதற்கும் அவர் செய்ததற்கும் நடுவில் கோடு எங்கே இருக்கிறது என்று பல நாள் யோசித்தேன். என் சிறிய அறிவுக்கு எட்டியது இதுதான்: டி வேர்ட்டுக்காக இன்று விளக்கேற்ற யாரும் இல்லை. நாவலடியில் விளக்கேற்ற ஆள் இருக்கிறது. யாருடைய சாவுக்காக அழ இன்னும் ஓர் ஆள் உயிரோடு இருக்கிறாரோ, அந்தச் சாவைப் பேய்க்கதை ஆக்கக் கூடாது.

இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால் நம் மாவட்டத்தில் எத்தனை இடங்கள் தப்ப வேண்டும் என்று தங்களுக்கே தெரியும். 1990-இல் காத்தான்குடிப் பள்ளிவாசல்களிலும் சத்துருக்கொண்டானிலும் படுகொலை செய்யப்பட்டவர்களின் வீட்டார் நம் மத்தியில்தான் இருக்கிறார்கள். படுகொலை நடந்த கொக்கட்டிச்சோலையும் அப்படித்தான். 2019 ஏப்ரல் 21 காலை சியோன் தேவாலயக் குண்டுவெடிப்பில் பிள்ளைகளை இழந்த தாய்மார் இன்றும் அதே வீதியால்தான் சந்தைக்குப் போய் வருகிறார்கள். 1983-இல் சிறை உடைந்த கதையைக் கேட்டு என்னிடமும் ஆட்கள் வருவதுண்டு. நான் சிறைச்சாலை வாசலில் நடையை நிறுத்துவதே இல்லை. உள்ளே இருப்பவரைப் பார்க்கச் சோற்றுப் பார்சலோடு காத்திருக்கும் பெண்களின் முன்னால் நின்று எப்படிக் கதை சொல்வது? வாவியில் தொழுநோயாளருக்கென ஒதுக்கிய மாந்தீவைக் காட்டித் தொழுநோயாளர் ஆவி என்று பயமுறுத்துபவர்களும் இருக்கிறார்கள். அங்கே இருந்தவர்கள் பேய்கள் இல்லை, மருந்தால் முழுதாகக் குணமாகக்கூடிய ஒரு நோய்க்காக உறவுகளால் ஒதுக்கப்பட்டவர்கள்.

இந்தச் சாவுகளை மறந்துவிட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. அவற்றைப் பகல் வெளிச்சத்தில், அந்தக் குடும்பங்கள் சம்மதித்தால், அவர்களே சொல்லக் கேட்கவேண்டும். இருட்டு வேண்டாம், ஸ்பீக்கர் வேண்டாம்.

வெளிநாடுகளிலும் இந்தச் சிக்கல் இருக்கிறது. இங்கிலாந்தின் யோர்க் நகரத்தில் 1973-இலிருந்தே பேய் நடை நடக்கிறது, ஊருக்கு அதனால் வருமானமும் வருகிறது. ஆனால் இலண்டன் வைட்சப்பலில் 1888-இல் கொல்லப்பட்ட பெண்களைப் பாருங்கள். ஜாக் த ரிப்பர் என்ற கொலைகாரனின் பட்டப்பெயர் உலகம் முழுக்கத் தெரியும். மேரி ஆன் நிக்கொல்ஸ், ஆனி சப்மன் என்ற பெயர்களைச் சொன்னால் யார் என்று கேட்பார்கள். 2015-இல் அந்தப் பகுதியில் பெண்கள் வரலாற்று அருங்காட்சியகம் அமைப்பதாக அனுமதி வாங்கிவிட்டு, கடைசியில் அந்தக் கொலைகாரன் பெயரிலேயே அருங்காட்சியகத்தைத் திறந்தார்கள். சனம் வீதிக்கு வந்து எதிர்த்தது. அதனால்தான் அனுமதிக் கடிதத்திலேயே எல்லாம் எழுதப்பட வேண்டும் என்று கேட்கிறேன். எந்த வழியால் நடப்போம், எங்கெங்கே நிற்போம், என்ன கதை சொல்வோம் என்பதை எழுத்தில் தந்து, அதற்கு மட்டும் அனுமதி பெறட்டும். முதலில் என்னுடைய நடைக்கே அந்த நிபந்தனையைப் போடுங்கள். நான் சொல்லும் கதைகள் அனைத்தையும் 14 பக்கத்தில் எழுதி இத்துடன் இணைத்திருக்கிறேன்.

நாவலடி போன்ற நினைவிடங்களில் இருட்டிய பிறகு வழிகாட்டிக் குழுக்கள் வரக்கூடாது என்று பிரதேச செயலாளர்கள் ஊடாக ஓர் அறிவித்தல் போட்டால் பெரிய உதவியாக இருக்கும். பலகை வைத்தால் இன்னும் நல்லது. அதில் என்ன எழுதுவது என்பதை அந்த ஊர்க்காரரிடமே கேட்க வேண்டுகிறேன்.

வழிகாட்டிகள் விஷயத்தில், 2005-ஆம் ஆண்டின் 38-ஆம் இலக்கச் சுற்றுலாச் சட்டத்தின் கீழ் அமைந்த இலங்கைச் சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபை, ஒரு குறிப்பிட்ட இடத்துக்கு மட்டுமான வழிகாட்டிகளுக்கும் பயிற்சி கொடுத்து அனுமதிப்பத்திரம் வழங்குகிறது. என்னோடு நடக்கும் இளைஞர்களில் ஒருவர் மீன்பிடிக் குடும்பத்துப் பிள்ளை, மற்றவர் உயர்தரம் எழுதிவிட்டு வேலை தேடுபவர். வாவியின் சத்தக் கதையை மூத்தவர் என்னைவிட நன்றாகச் சொல்கிறார். இவர்களுக்கும் இன்னும் சிலருக்கும் அந்தப் பயிற்சி கிடைக்கத் தங்கள் சிபாரிசைக் கோருகிறேன். ஊர்ப்பிள்ளை வழிகாட்டியாக இருந்தால், யார் வீட்டு வாசலில் குரலைத் தாழ்த்த வேண்டும் என்று அவனுக்குச் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை.

கோட்டை தொல்பொருள் சட்டத்தால் காக்கப்படும் இடம் என்பதால், இருட்டிய பிறகு நாங்கள் உள்ளே போகமாட்டோம், சுவரில் ஏறவும் விடமாட்டோம். வெளிச்சுற்றில் நடக்க மட்டும்தான் அனுமதி கேட்கிறோம். சரி, ஒரு சின்ன விஷயம்: வாவிப் பக்கம் இரண்டு கம்பங்களில் விளக்கு எரிவதில்லை. போன மாதம் ஓர் அம்மா அங்கே கால் பிசகி விழுந்தார். மாநகர சபைக்கு ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் போதும்.

தங்களுக்கு வசதியான ஒரு சனிக்கிழமை பின்னேரம் எங்களோடு நடந்து பார்க்கும்படி பணிவோடு அழைக்கிறேன். முழு நிலா நாளாக இருந்தால் நல்லது, கல்லடிப் பாலத்தில் நின்று காது கொடுக்கலாம். என் மாணவியும் அன்றைக்கு வருவதாகச் சொல்லியிருக்கிறாள். அந்த 14 பக்கத்தை அவளிடம்தான் முதலில் வாசிக்கக் கொடுத்தேன். இரண்டு இடத்தில் கோடு போட்டுத் தந்தாள், அவற்றை எடுத்துவிட்டேன்.

தங்கள் சாதகமான பதிலை எதிர்பார்த்து,

இப்படிக்கு,
உண்மையுள்ள,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்,
புளியந்தீவு, மட்டக்களப்பு.

இணைப்பு: நடைப் பாதையின் கையால் வரைந்த படம், கதைகளின் எழுத்துப் பிரதி (14 பக்கங்கள்).
பிரதி: மாநகர ஆணையாளர், மட்டக்களப்பு மாநகர சபை, பிரதேச செயலாளர், மண்முனை வடக்கு.