ஏ52 வீதியில் இருவர்

அன்புள்ள தம்பிக்கு,

ஞாயிற்றுக்கிழமை நீ கதைத்ததை அம்மா எனக்குச் சொன்னார். நீயும் உன் பள்ளிக்கூடக் கூட்டாளியும் அலுவலகத்தை இரண்டாகப் பிரிக்கிறீர்களாம். வாடிக்கையாளர்களைப் பங்கு போடுகிற கடிதம்கூட வழக்கறிஞர் மூலம்தான் போய் வருகிறதாம். யார் பக்கம் நியாயம் என்று நான் கேட்கப்போவதில்லை. பிரிந்து தொழில் செய்வது ஒரு குற்றமும் இல்லை. ஆனால் போன மாதம் அவனுடைய அப்பா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது நீ ஒரு போன்கூட எடுக்கவில்லை என்று அறிந்த இரவு எனக்கு நித்திரை வரவில்லை.

இதைப் போனில் சொன்னால் ‘சரி அப்பா’ என்று சொல்லிவிட்டு வைத்துவிடுவாய். அதனால் எழுதுகிறேன்.

சின்ன வயதில் உனக்குக் கால்பந்து முகாமையாளர் பிரையன் கிளஃபின் வாய்ப்பேச்சை எத்தனை தரம் சொல்லியிருப்பேன்! தன்னோடு ஒத்துப்போகாத வீரனை என்ன செய்வீர்கள் என்று கேட்டதற்கு, “20 நிமிடம் உட்கார்ந்து கதைப்போம், பிறகு நான் சொன்னதுதான் சரி என்று முடிவெடுப்போம்” என்றவர். நீ விழுந்து விழுந்து சிரிப்பாய். அந்த மனிதரின் கதையில் பாதியைத்தான் உனக்குச் சொல்லியிருக்கிறேன் என்று இப்போது நினைக்கிறேன். மற்றப் பாதியின் பெயர் பீட்டர் டெய்லர்.

இருவரும் மிடில்ஸ்பரோ அணியில் ஆடும்போது சந்தித்தவர்கள். டெய்லர் கோல் காப்பாளர், கிளஃபைவிட ஆறேழு வயது மூத்தவர். அணியில் இடம் கிடைக்காமல் நின்ற கிளஃபைப் பார்த்து ‘இவன் பெரிய ஆள்’ என்று முதலில் சொன்னவர் அவர்தான். அது பொய்யாகவில்லை. 274 லீக் ஆட்டங்களில் 251 கோல்! 1962 டிசம்பர் 26 அன்று, சண்டர்லாந்துக்காக ஆடும்போது பரி அணியின் கோல் காப்பாளரோடு மோதி முழங்கால் போனது. அதோடு ஆட்டக்காரர் கிளஃப் முடிந்தார். 1965 இல், 30 வயதில், ஹார்ட்டில்பூல்ஸ் என்ற ஏழை அணிக்கு முகாமையாளரானபோது அவர் முதலில் கூப்பிட்டது டெய்லரைத்தான்.

அவர்கள் எப்படி வேலை செய்தார்கள் என்பதைத்தான் நீ கவனிக்க வேண்டும். டெய்லர் ஆளைக் கண்டுபிடிப்பார். கிளஃப் அந்த ஆளுக்குள் தைரியத்தை ஏற்றுவார். 1967 இல் டேர்பி அணிக்கு வந்த கொஞ்சக் காலத்தில், ரொய் மக்ஃபார்லண்ட் என்ற இளைஞனை எடுப்பதற்காக இருவரும் நள்ளிரவில் அவன் வீட்டுக் கதவைத் தட்டினார்கள். அவன் படுக்கையிலிருந்து எழும்பி, பைஜாமாவோடு வந்து நின்றான். கையெழுத்து வாங்காமல் இருவரும் எழும்பவில்லை. ஐந்து வருடத்தில், 1972 இல், இரண்டாம் பிரிவில் கிடந்த டேர்பி இங்கிலாந்தின் சம்பியன்.

பிறகு டேர்பி நிர்வாகத்தோடு சண்டை. தொலைக்காட்சியிலும் பத்திரிகையிலும் கிளஃப் வாய் ஓயாமல் பேசுவது தலைவருக்குப் பிடிக்கவில்லை. 1973 ஒக்டோபரில் இருவரும் சேர்ந்தே விலகினார்கள், சேர்ந்தே பிரைட்டன் அணிக்குப் போனார்கள். 1974 இல் லீட்ஸ் அணி கூப்பிட்டபோது டெய்லர் வரவில்லை. கிளஃப் தனியாகப் போனார். போன கையோடு வீரர்களிடம், நீங்கள் வென்ற பதக்கங்களைக் குப்பையில் போடுங்கள், அவை நேர்மையாக வென்றவை அல்ல என்றார். 6 லீக் ஆட்டங்களில் ஒரே ஒரு வெற்றி. 44 நாளில் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். பக்கத்தில் இருந்து ‘கொஞ்சம் பொறு’ என்று சொல்ல ஆள் இல்லாமல் போனதுதான் காரணம் என்று நான் இன்றைக்கும் நம்புகிறேன்.

நான் யாழ்ப்பாணத்திலிருந்து நொட்டிங்காமுக்குப் படிக்க வந்தது 1978 செப்டெம்பரில். அந்த நேரம் ஊரே சிவப்பாக இருந்தது. கிளஃப் முகாமையாளராக இருந்த, சிவப்புச் சட்டை போடுகிற நொட்டிங்காம் ஃபொரஸ்ட் அணிக்கு 1976 இல் டெய்லரும் வந்து சேர்ந்திருந்தார். 77 இல் மேல் பிரிவுக்கு ஏறி, 78 இலேயே சம்பியன். 1977 நவம்பரிலிருந்து 1978 டிசம்பர் வரை, தொடர்ந்து 42 லீக் ஆட்டங்களில் தோல்வியே இல்லை. கெனி பேர்ன்ஸை எடுப்பதற்கு முன், அவர் சூதாடுகிறாரா என்று பார்க்க டெய்லர் நாய் ஓட்டப் பந்தயத் திடலுக்கே ஆள் தெரியாமல் பின்தொடர்ந்து போனார். அந்த பேர்ன்ஸ்தான் 1978 இல் பத்திரிகையாளர்கள் தெரிவு செய்த ஆண்டின் சிறந்த வீரர். 1979 மே 30 இரவு, வாடகை வீட்டுக்காரரின் தொலைக்காட்சியில் மியூனிக் இறுதியாட்டம் பார்த்தேன். இடது ஓரத்தில் ஜோன் ரொபட்சன் இரண்டு பேரைத் தாண்டிப் பந்தைத் தூக்கிப் போட்டார். அந்தப் பக்கம் ஓடி வந்த டிரெவர் ஃபிரான்சிஸ் தலையால் அடித்தார். அவ்வளவுதான், ஐரோப்பியக் கிண்ணம். அடுத்த வருடம் மட்ரிட்டில் ரொபட்சனே அடித்த கோலோடு இன்னொரு கிண்ணம். இந்த ஊருக்கு அப்படி ஒன்று அதற்குப் பிறகு நடக்கவில்லை.

ரொபட்சனின் பெயரை நினைவில் வை.

1980 இல் டெய்லர் கிளஃபைப் பற்றி, அவருக்கே சொல்லாமல் ஒரு புத்தகம் எழுதினார். அது முதல் கீறல். 82 இல் ஓய்வு என்று விலகி, அதே வருடம் டேர்பிக்கு முகாமையாளராகப் போனார். 83 இல் ரொபட்சனை ஃபொரஸ்டிலிருந்து டேர்பிக்கு எடுத்தார், கிளஃபிடம் ஒரு வார்த்தை சொல்லாமல். ஒரு போன் எடுத்திருந்தால் போதும். ஏ52 என்பது நொட்டிங்காமையும் டேர்பியையும் இணைக்கிற வீதி. கிளஃப் கொதித்துப்போய்ப் பத்திரிகைக்குச் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். “வேலைக்குப் போகும்போது ஏ52 இல் நாங்கள் அநேகமாகத் தினமும் எதிர்ப்படுகிறோம். அவருடைய கார் பழுதாகி, கை காட்டி நிற்கக் கண்டாலும் ஏற்றமாட்டேன், காரை அவர் மேலே ஏற்றிவிட்டுப் போவேன்.”

தம்பி, அந்த வருடங்களில் நானும் அதே வீதியில்தான் தினமும் டேர்பிக்கு வேலைக்குப் போய் வந்தேன். எதிரே வருகிற கார்களைப் பார்த்து, இதில் கிளஃப் போகிறாரா, அதில் டெய்லர் போகிறாரா என்று நினைப்பேன். ஒரே காலை, ஒரே மழை, ஒரே வீதி. ஏழு வருடம் அவர்கள் ஒருவரோடு ஒருவர் கதைக்கவில்லை. 1990 ஒக்டோபரில், மஜோர்காவில் இருந்தபோது டெய்லர் 62 வயதில் இறந்துபோனார். செத்த வீட்டுக்குக் கிளஃப் போனார். பிறகு தன் வாழ்க்கைக் கதையை எழுதியபோது அதை டெய்லருக்கே காணிக்கையாக்கினார். அதைப் படிக்க டெய்லர் இல்லை.

கிளஃபை நான் சாமியாக வைத்துக் கும்பிடவில்லை. 1989 இல் ஹில்ஸ்பரோ மைதானத்தில் நெரிசலில் இறந்தவர்களின் பழியை லிவர்பூல் ரசிகர்கள் மேலேயே போட்டார். அது பெரும் பிழை. ஃபொரஸ்டில் ஆடிய ஜஸ்டின் ஃபஷானு என்ற பிள்ளையை அவர் நடத்திய விதம் கொடுமை. குடியும் அவரை அரித்தது. நீ பிறந்த 1993 இல் ஃபொரஸ்ட் கீழ்ப் பிரிவுக்கு இறங்கியது, அவரும் போனார். டெய்லர் போன பிறகு இரண்டு லீக் கிண்ணம் வந்தது உண்மை. ஆனால் சம்பியன் பட்டமோ ஐரோப்பியக் கிண்ணமோ திரும்பி வரவே இல்லை.

2004 ஒக்டோபர் உனக்கு நினைவிருக்கும். கிளஃபின் நினைவுக் கூட்டத்தை டேர்பி மைதானத்தில் வைத்தார்கள். நீயும் அவனும் பின் சீற்றில். உனக்குச் சிவப்பு ஸ்காஃப், அவனுக்குக் கறுப்பு வெள்ளை. தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் சனிக்கிழமை தோறும் ஃபொரஸ்டா டேர்பியா என்று அடிபடுகிற இரண்டு பேரும் அன்றைக்குச் சண்டை பிடிக்கவில்லை. காற்றும் மழையும் கொட்டியது. பதினாலாயிரம் பேருக்கு மேல் இருந்தார்கள், இரண்டு ஊர்க்காரரும் பக்கத்தில் பக்கத்தில். உன்னுடைய ஸ்காஃப் நனைந்து சாயம் கழுத்தில் இறங்க, அவன் தன்னுடையதால் துடைத்துவிட்டான். அதை நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அடுத்த வருடம் அந்த ஏ52 க்கே பிரையன் கிளஃப் வழி என்று பெயர் வைத்தார்கள். 2010 இல் டேர்பி மைதானத்துக்கு வெளியே கிளஃபுக்கும் டெய்லருக்கும் ஒன்றாகச் சிலை வைத்தார்கள். போன வெள்ளி அம்மாவும் நானும் அந்தப் பக்கம் போனபோது காரை நிறுத்தி இறங்கிப் பார்த்தோம். இருவரும் ஒருவர் பக்கத்தில் ஒருவர் நிற்கிறார்கள்.

அந்த நினைவுக் கூட்டத்தன்று உங்கள் இருவரையும் எடுத்த படத்தைத் தேடி எடுத்து, இரண்டு பிரதி போட்டு இதோடு வைத்திருக்கிறேன். ஒன்று உனக்கு. மற்றது அவனுக்கு. அவனுடைய புது விலாசம் என்னிடம் இல்லை, அதனால் இரண்டையும் உனக்கே அனுப்புகிறேன்.

அன்புடன்,
அப்பா