முக்தமாத் (இனி மாத்த முடியாத முடிவு) ஆகுறதுக்கு முன்னாடி: மலேசியப் பொதுச் சேவைத் துறைக்கு ஒரு திறந்த மடல்

பொதுச் சேவைத் துறை அதிகாரிங்க எல்லாருக்கும் வணக்கம்ங்க. மலாய்ல எழுத தெரியாம தமிழ்ல எழுதல, இந்த ஓய்வு வயசு விஷயத்துல அடிபட்டவங்க எங்க ஊருல தமிழ்லதான் புலம்புறாங்க, அவங்களும் படிக்கட்டும்னுதான். ஊரு பெஸ்தாரி ஜெயா. பழைய ஆளுங்களுக்கு இன்னும் பத்தாங் பெர்ஜுந்தைதான்.

2025-ல அரசாங்க ஊழியருங்க ஓய்வு வயச 65 ஆக்குறத பத்தி பேச்சு கிளம்புனதுலேர்ந்து இங்க ஒட்டுக்கடையில தினம் அதே வாக்குவாதம். எனக்கு அந்த பேச்ச கேட்டாலே வயித்துல ஒரு மாதிரி பண்ணும், ஏன்னா எங்க வீட்டுல ஒரு டிக் மார்க்கால ரெண்டு வருஷ சம்பளம் போச்சு.

எங்க அப்பா ஒரு அரசாங்க ஆபிஸ்ல ரோடு கேங்ல லேபர். 1984-ல வேலைக்கு சேந்தாரு, கூடவே பக்கத்து லயத்து மாமா ஒருத்தரும் சேந்தாரு, ஒரே லாரி, ஒரே மண்டோர் (மேஸ்திரி), சாப்பாட்டு டிபன் கூட மாத்தி மாத்தி சாப்புடுவாங்க. அப்ப ஓய்வு வயசு 55. 2001-ல 56 ஆச்சு, அதுக்கு ரெண்டு பேரும் சரின்னுட்டாங்க. 2008-ல 58 ஆக்குனப்ப மறுபடியும் சம்மதமா இல்லயான்னு கேக்குற ஒப்ஷென் பாரம் வந்துச்சு. அப்பாவுக்கு மலாய் பேச வரும், அந்த மாதிரி சட்டம் நம்பரெல்லாம் போட்ட மலாய் படிக்க வராது. கேங்ல யாரோ சொல்லிருக்காங்க, 58-க்கு ஒத்துக்கிட்டா ரிட்டையர் ஆகும்போது மொத்தமா குடுக்குற கிராஜுவிட்டி காசு லேட்டா வரும்னு. பொய் இல்ல, ரிட்டையர் ஆனாதான அந்த காசு வரும், ஆனா மத்த பாதிய யாரும் சொல்லல. எனக்கு அப்ப கல்யாணம் பேசிட்டு இருந்த நேரம் வேற, அந்த காச நம்பித்தான் மண்டபமே பாத்தாங்கன்னு எனக்கு ரொம்ப வருஷம் கழிச்சுதான் தெரியும். ஆபிஸ் கிராணி (கிளார்க்) "சீக்கிரம் சைன் போடுங்க அங்கிள், இன்னைக்கு அனுப்பணும்"னு நிக்க, அப்பா சம்மதம் இல்லைங்கற கட்டத்துல டிக் போட்டு குடுத்துட்டாரு. ரெண்டு வாரம் கழிச்சு விஷயம் புரிஞ்சு ஓடுனா, முக்தமாத்னு ஒரே வார்த்த.

2009-ல 56 வயசுல அப்பா வீட்டுக்கு வந்துட்டாரு, சம்மதிச்சிருந்தா 2011 வரைக்கும் இருந்திருப்பாரு. மாமா ஐசி (அடையாள அட்டை) படி அப்பாவுக்கு ஒரு வயசு சின்னவரு, 58-க்கு சம்மதிச்சிருந்தாரு, 58 முடியறதுக்குள்ள 2012 ஜனவரி பொறந்து அது 60 ஆச்சு, 2014 வரைக்கும் வேல பாத்தாரு. பென்ஷன் கணக்கு உங்களுக்கு நான் சொல்லணுமா என்ன, கடைசி சம்பளத்த 600-ஆல வகுத்து வேல பாத்த மாசத்தால பெருக்குறது. அப்பாவுக்கு 300 மாசம், அதாவது பாதி சம்பளம். மாமாவுக்கு 360 மாசம், அஞ்சுல மூணு பங்கு, அதுவும் அஞ்சு வருஷம் ஏறுன சம்பளத்துல.

இதுல பெரிய கூத்து என்னன்னா உண்மையில அப்பாதான் மாமாவ விட சின்னவரு. பாட்டி சாகுற வரைக்கும் சொல்லும், மொத எலெக்ஷன் நடந்த வருஷம் ஆடி மாசம் பொறந்தவன்னு. அப்ப 1955. தோட்டத்துல சீக்கிரம் செக்ரோல்ல (வேல ஆளுங்க பதிவேட்டுல) பேர் சேரணும்னு கிராணிய புடிச்சு ரெண்டு வயச கூட்டி எழுதி வச்சது ஐசி-ல 1953-ன்னு நின்னுடுச்சு. தோட்டத்து ஆளுங்க வீட்டுல இந்த மாதிரி கத ஒண்ணாவது இருக்கும். இத நான் கோர்ட்டு கேஸா பேசல. ரிட்டையர் ஆகப்போற நேரத்துல எல்லாரும் வயச கொறச்சிட்டு வந்தா என்னாகும்னு எனக்கும் புரியுது. இந்தியாவுல ராணுவத் தளபதி வி.கே. சிங்கே 1950-ஆ 1951-ஆன்னு சுப்ரீம் கோர்ட்டு வரைக்கும் போயி 2012-ல கேஸ வாபஸ் வாங்கிட்டாரு. தளபதிக்கே அந்த கதின்னா தார் ஊத்துன எங்க அப்பா எம்மாத்திரம். ஐசி வயசு ஐசி வயசுதான், சரி, ஆனா பாரம் விஷயம் அப்படி இல்லயே.

கோர்ட்டுன்னு சொன்னதும் இன்னொன்னு. 2013-ல பென்ஷன் உயர்வு சட்டத்த திருத்தி, வேலையில இருக்கறவங்களுக்கு சம்பளம் திருத்துனா பென்ஷனும் ஏறும்ங்கற முறைய எடுத்துட்டு வருஷா வருஷம் 2 விழுக்காடுன்னு வச்சீங்க. ரிட்டையர் ஆன 50-க்கும் மேலான பேரு சேந்து கேஸ் போட்டாங்க, 2022 ஜனவரியில அப்பீல் கோர்ட்டு அந்த திருத்தம் செல்லாதுன்னுச்சு, 2023 ஜூன்ல நாட்டோட உச்ச கோர்ட்டான கூட்டரசு நீதிமன்றமும் அதையே சொல்லிருச்சு. அரசியலமைப்புச் சட்டம் 147-ம் பிரிவு, பென்ஷன்காரங்களோட நெலமய முன்ன இருந்தத விட மோசமாக்க கூடாதுன்னு இருக்கு. நல்ல தீர்ப்பு. ஆனா அந்த கேஸ முன்னாடி நின்னு நடத்துனது வெளியுறவு அமைச்சுல ஆபிசரா இருந்த ஒரு அம்மா, சட்டம் படிக்கத் தெரிஞ்சவங்க, வக்கீல் வைக்க முடிஞ்சவங்க. துடப்பம், மண்வெட்டி புடிச்சவங்க யாரு கேஸ் போடுவா?

அப்புறம் 65. நீதிபதிங்களுக்கு 66, ஏர்கோன் ரூம்ல உக்காந்து செய்யுற வேல, செய்யட்டும். 58-லயே முட்டி தேஞ்சு நிக்கிற ஆளுக்கு 65-ங்கறது வேற. அதுக்காக வேணாம்னும் சொல்ல மாட்டேன், எங்க அப்பாவே 60 வரைக்கும் செஞ்சிருப்பாரு. அதனால கட்டாயமா ஆக்காதீங்க, ஒப்ஷெனா குடுங்க.

குடுக்கும்போது அந்த பாரத்த தமிழ்லயும் சீனத்துலயும் அடிங்க, இல்ல முடியாதுன்னா ஒரு பக்கத்துக்கு விளக்கமாவது சேருங்க, அதுல இவ்ளோ மாசம் கொறஞ்சா பென்ஷன் இவ்ளோ கொறையும்னு அவங்கவங்க பேருக்கு வெள்ளி (ரிங்கிட்) கணக்கோட போடுங்க. கம்ப்யூட்டர்ல எல்லாம் இருக்கு, ஒரு நிமிஷ வேல. கையெழுத்து போட்ட அப்புறமும் ஒரு மூணு மாசம் மனசு மாத்திக்க நேரம் குடுத்துட்டு அப்புறம் முக்தமாத் போடுங்க.

அப்பாவோட அந்த பாரம் காப்பி இன்னும் மைலோ டின்ல மடிச்சு கெடக்கு. வேணும்னா ஜெராக்ஸ் எடுத்து புத்ராஜெயாவுல இருக்கற உங்க ஆபிசுக்கு அனுப்புறேன், எந்த கட்டத்துல டிக் போட்டாருன்னு நீங்களே பாத்துக்கலாம். அவர்கிட்ட மட்டும் போன் போட்டு கேக்காதீங்க, இந்த பேச்ச எடுத்தா எந்திரிச்சு வெளிய போயிடுவாரு.