நொடிவலை பற்றி மறுபடியும்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. "நம்ம நொடிவலை என்ன ஆச்சு?" என்று கடைசியில் ஒரு வரி போட்டிருந்தாயே, அதற்குப் பதில் யோசித்ததில்தான் இவ்வளவு நாள் போய்விட்டது. இருபது வயதில் நோட்டின் கடைசிப் பக்கத்தில் படம் வரைந்து நாம் பெயர் வைத்த கற்பனை அது. யார் எங்கே இருந்தாலும் ஒரே கடிகாரம், யார் வாசித்தாலும் எல்லார் காதிலும் ஒரே கணத்தில் ஒலி. அதை நீ இன்னும் மறக்கவில்லை என்பதே எனக்குப் பெரிய சந்தோஷம்.

போன மாதம் வீடியோ அழைப்பில் வாசித்துப் பார்த்தோம் இல்லையா, அது என் மனதை விட்டுப் போகவே இல்லை. நீ பல்லவியை எடுத்தாய். உன் வயலின் காதில் விழுந்ததும் நான் மிருதங்கத்தைத் தட்டினேன். அது உனக்குப் பிந்திக் கேட்டது. எனக்காக நீ கொஞ்சம் நிதானித்தாய். அந்த நிதானம் எனக்கு இன்னும் பிந்தி வந்தது, நானும் நிதானித்தேன். தாளம் ஐந்தாறு சுற்று, அதாவது ஐந்தாறு ஆவர்த்தனம், முடிவதற்குள் காலப்பிரமாணம், அதாவது பாட்டின் வேகம், படுத்துவிட்டது. அன்று நீ உன் கை வரவில்லை என்று வருத்தப்பட்டாய். கையில் ஒரு கோளாறும் இல்லை. ஒருவருக்காக ஒருவர் பொறுத்துக்கொண்டே போனதில் வந்த வினை அது.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒலி காற்றில் விநாடிக்கு சுமார் 343 மீட்டர் போகும். மேடையில் நீ இரண்டு மீட்டர் தள்ளி உட்கார்ந்திருந்தபோதே உன் வில் எனக்கு 6 மில்லி விநாடி பிந்தித்தான் கேட்டது. அதைக் காது பொருட்படுத்தாது. 25, 30 மில்லி விநாடியைத் தாண்டினால்தான் தாளம் ஆட ஆரம்பிக்கிறது. இணையத்தைச் சுமக்கும் கண்ணாடி இழையில் ஒளி விநாடிக்கு ஏறக்குறைய 2 லட்சம் கிலோமீட்டர் போகும். நமக்கு நடுவே இருப்பது 8,000 கிலோமீட்டர். கேபிள் நேர்க்கோட்டில் போனாலும், நடுவில் ஒரு கருவியும் தாமதம் சேர்க்காவிட்டாலும், ஒரு பக்கத்துக்கே 40 மில்லி விநாடி ஆகும். அதைக் குறைக்க எந்தக் கெட்டிக்காரனாலும் முடியாது.

ஆனால் ஒரே கடிகாரம் என்ற பாதி ரொம்ப நாளாகவே நடைமுறையில் இருக்கிறது. 1985-இல் டேவிட் மில்ஸ் வகுத்த என்.டி.பி. என்ற முறைதான் இன்றும் கணினிகளுக்கு மணி சொல்கிறது. கேள்வி கிளம்பிய நேரம், போய்ச் சேர்ந்த நேரம், பதில் கிளம்பிய நேரம், திரும்பி வந்த நேரம், இந்த நான்கையும் வைத்துப் பயணத் தாமதத்தைக் கழித்துவிடும். போகிற வழியும் வருகிற வழியும் ஒரே அளவு என்று நம்பித்தான் அந்தக் கணக்கு. வழி கோணினால் மணியும் கோணும். நம் அறையிலுள்ள கருவிகளில் நேரத்தை அளக்கும் குவார்ட்ஸ் படிகமும் லேசுப்பட்டதில்லை. பத்து லட்சத்தில் 20 பங்கு பிசகினால் போதும், ஒரு மணி நேரத்தில் 72 மில்லி விநாடி விலகிவிடும். அன்று நடுநடுவே 'டிக்' என்று ஒரு சத்தம் கேட்டதே, இரண்டு படிகங்களின் விலகல்தான் அதற்குக் காரணம் என்று எனக்குச் சந்தேகம்.

சரி, தாமதத்தை என்ன செய்வது? அதை நீட்டி ஒரு முழு ஆவர்த்தனமாக ஆக்கிவிடலாம் என்று தோன்றியது. அட்சரத்துக்கு, அதாவது தாளத்தின் ஒரு எண்ணிக்கைக்கு, ஒரு விநாடி வைத்தால் எட்டு அட்சரம் கொண்ட ஆதி தாளத்துக்கு 8 விநாடி. உன் போன ஆவர்த்தனம் என் இந்த ஆவர்த்தனத்தின் மேல் சமத்தில், அதாவது சுற்றின் முதல் தட்டில், வந்து உட்காரும். 2005-இல் வந்த நின்ஜாம் என்ற மென்பொருள் இதே யோசனையில் நடப்பதுதான். சர்வலகு, அதாவது சீரான சாதாரண நடை, வாசிக்கும்வரை நன்றாக இருக்கும். ஆனால் நீ பாட்டின் அடுத்த பகுதியான அனுபல்லவிக்குப் போனது எனக்கு 8 விநாடி கழித்துத்தான் தெரியும். நான் முத்தாய்ப்பாக வரும் கோர்வையை முடிக்கும்போது நீ எனக்குப் பழைய வரியில் இருப்பாய். பாட்டைக் கேட்டு வாசிப்பதுதானே பக்கவாத்தியம்? அது இல்லாமல் எனக்கு வேண்டாம்.

போன வியாழக்கிழமை ராத்திரி வேறு ஒன்று தோன்றியது. இரண்டு அறையிலும் ஒரே கணம் சேர வேண்டும் என்று கேட்டதுதான் நம் தப்பு. ஒரு அறையில் சேர்ந்தால் போதாதா? நீ ஒரே சீராகத் தாளம் தட்டும் மெட்ரோனோம் கருவியை மட்டும் கேட்டு வாசி. எனக்காகப் பொறுக்கவே பொறுக்காதே. உன் ஒலி எத்தனை பிந்தி வந்தாலும் சரி, பிசகாமல் ஒரே சீராக வந்தால், நான் அதோடு சேர்ந்து வாசித்துவிடுவேன். என் அறையில் அது முழுக் கச்சேரி. உன் அறையில் நீ தனியாக வாசித்துக்கொண்டிருப்பாய். அது கஷ்டம்தான், தெரியும். அதனால் முறை வைத்துக்கொள்வோம். ஒரு நாள் நான் உன்னைக் கேட்காமல் தாளத்தைப் பிடித்துக்கொண்டு போகிறேன், நீ என்மேல் வாசி. பழைய நோட்டில் நான் படத்தைத் திருத்திவிட்டேன்: அம்புக்குறி இரண்டு பக்கமும் இல்லை, ஒரு சமயத்தில் ஒரு பக்கம்தான்.

மணிக்கட்டு வலி குறைந்திருக்கிறது. காலையில் அரை மணி நேரம் சாதகம் செய்ய முடிகிறது. உன் மகள் வில் பிடிக்க ஆரம்பித்திருக்கிறாள் என்று எழுதியிருந்தாய், எந்த வரிசையில் இருக்கிறாள் என்று எழுது.

வருகிற ஞாயிறு முதல் முறை உனக்கு. நான் மெட்ரோனோமை நிமிடத்துக்கு 60 தட்டில் வைத்துக்கொண்டு வாசிக்கிறேன். நீ எதுவும் சொல்ல வேண்டாம், உன் பாட்டுக்கு வாசி. ஒலிப்பதிவை மட்டும் போட்டு வை. என்ன வாசித்தாய் என்று அப்புறம் கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
உன் பழைய மிருதங்கக்காரன்