ஆபரேஷன் பேப்பர்ல இருந்த அந்த நீளமான வார்த்தை

அம்மு கண்ணு,

நேத்து ஃபோன்ல நீ அழுதுக்கிட்டே "எல்லாத்தையும் எடுத்துட்டாங்களாம்மா"ன்னு கேட்டப்போ நான் ஏதோ ஆமா ஆமான்னு சொல்லி வெச்சுட்டேன், தையல் போட்ட எடம் சுருக்கு சுருக்குன்னு இழுத்துக்கிட்டு இருந்துச்சு, அப்பா வேற பக்கத்துலயே நின்னுக்கிட்டு முழிச்சாரு, என்னால பேச முடியல. ஆனா ராத்திரி பூரா அந்தக் கேள்விதான் மனசுல ஓடுச்சு. எல்லாத்தையும்னா எதை எதை? உனக்கும் தெரியல, ரெண்டு மாசத்துக்கு முன்னாடி வரைக்கும் எனக்கும் தெரியாது. அதான் உக்காந்து எழுதுறேன், ஒரே மூச்சுல எழுத முடியாது, படுத்து படுத்து எழுந்து எழுதுறேன், கோர்வையா இல்லன்னா பொறுத்துக்கோ.

டாக்டர் மொத மொத கர்ப்பப்பைய எடுக்குற ஆபரேஷன்தான் வழின்னு சொன்ன அன்னிக்கு ஒரு பேப்பர்ல எழுதிக் குடுத்தாங்க. டோட்டல் அப்டாமினல் ஹிஸ்டெரெக்டமி. அதுக்குக் கீழ பைலேட்டரல் சால்பிங்கெக்டமி. வீட்டுக்கு வந்து அதை மூணு தடவ எழுத்துக்கூட்டிப் படிச்சேன் அம்மு, வாய்க்குள்ளயே நுழையல. நம்ம உடம்புல இருந்து ஒண்ண எடுக்கப் போறாங்க, அதோட பேரக்கூட நம்மளால சொல்ல முடியலயேன்னு நெஞ்சு அடைச்சுக்கிச்சு. அப்புறம்தான் தோணுச்சு, இவ்ளோ நீளமான வார்த்தை ஒரே வார்த்தையா இருக்காது, ரெண்டு மூணு ஒட்டுப்போட்டதாத்தான் இருக்கும்னு. டிக்‌ஷனரிய எடுத்து வெச்சுக்கிட்டு பிரிக்க ஆரம்பிச்சேன். ஹிஸ்டெரெக்டமி, சால்பிங்கெக்டமி ரெண்டும் கிரேக்கம்.

வாலுல இருந்து ஆரம்பிக்கிறேன். எக்டமி. எக்-னா வெளிய, டோமே-ன்னா வெட்டு. வெட்டி வெளிய எடுக்குறது. உனக்கு ஆறு வயசுல தொண்டையில டான்சில் எடுத்தாங்கல்ல, அது டான்சிலெக்டமி, குடல்வால் எடுத்தா அப்பெண்டெக்டமி, எல்லாத்துக்கும் இதே வாலுதான். அதே டோமேல இருந்துதான் நீ ஸ்கூல்ல படிச்ச ஆட்டம்ங்கிற வார்த்தையும் வந்துருக்கு, அதுக்கு மேல வெட்ட முடியாததுன்னு அர்த்தமாம். இந்த எக்-க எடுத்துட்டு வெறும் டமி மட்டும் வெச்சா அர்த்தமே மாறிடும், வெளிய எடுக்குறது இல்ல, கீறித் திறக்குறது மட்டும்தான். ஹிஸ்டெராட்டமின்னு ஒண்ணு இருக்கு, கர்ப்பப்பையக் கீறித் திறக்குறதுக்குப் பேரு. சிசேரியன்ல அதைத்தான் செய்றாங்க. இதப் படிச்சதும் அப்படியே பேனாவ வெச்சுட்டேன். நீ பொறந்தப்போ எனக்கு நடந்தது ஹிஸ்டெராட்டமி. இப்போ நடந்தது ஹிஸ்டெரெக்டமி. பேப்பர்ல பாத்தா ஒரு எழுத்து ரெண்டு எழுத்துதான் வித்தியாசம், நடுவுல இருவத்தி மூணு வருஷம்.

ஹிஸ்டெரான்னா கர்ப்பப்பை. அதே கர்ப்பப்பைக்கு கிரேக்கத்துல இன்னொரு பேரும் இருக்கு, மெட்ரா. ஸ்கேன் ரிப்போர்ட்ல எண்டோமெட்ரியம்னு எழுதியிருப்பாங்களே, கர்ப்பப்பையோட உள் சவ்வு, எண்டோ-ன்னா உள்ள, மெட்ரியம் இந்த மெட்ராதான். அதுக்குச் சொந்தக்கார வார்த்தை மெட்டெர், அம்மா. மெட்ரோபோலிஸ்னா தாய் நகரம், அதுல இருந்துதான் நீ தினமும் ஏறிப் போற மெட்ரோ ரயிலுக்கும் பேரு வந்துச்சு. இனிமே மெட்ரோ போர்டப் பாக்கும்போதெல்லாம் அம்மா ஞாபகம் வரட்டும்.

இந்த ஹிஸ்டெராதான் என்ன ரொம்ப நாள் தூங்க விடல, அதப் பத்தி உங்கிட்ட நான் சொன்னதே இல்ல. நாலு வருஷத்துக்கு முன்னாடி இந்தத் தொந்தரவு ஆரம்பிச்ச புதுசுல, மாசத்துல பன்னெண்டு நாள் ரத்தம் போகும், கட்டி கட்டியா போகும், மாடிப்படி ஏறுனா மூச்சு வாங்கும், நெஞ்சு படபடங்கும். ஒரு டாக்டர்கிட்ட போனேன், பேரு வேண்டாம். வயித்த தொட்டுக்கூடப் பாக்கல. உங்களுக்கு டென்ஷன் ஜாஸ்தி, கொஞ்சம் ஹிஸ்டீரியா மாதிரி இருக்கு, மனச ரிலாக்ஸா வெச்சுக்கோங்கன்னு சொல்லி ஒரு தூக்க மாத்திரை எழுதிக் குடுத்தாரு. நானும் நம்மளுக்குத்தான் மனசு சரியில்ல போலன்னு நம்பிட்டேன் அம்மு. ஒரு வருஷத்துக்கு மேல யார்கிட்டயும் வாயத் திறக்கல. அதுக்கப்புறம் வேற எடத்துல ரத்தம் டெஸ்ட் பண்ணப்போ ஹீமோகுளோபின் 7. படபடப்பு மனசுலருந்து வரல, உடம்புல ரத்தம் இல்லாததால வந்துச்சு.

அந்த ஹிஸ்டீரியாங்கிற வார்த்தையும் இதே ஹிஸ்டெரால இருந்துதான் பொறந்திருக்கு. கர்ப்பப்பை உடம்புக்குள்ள அங்கயும் இங்கயும் அலையும்னு அந்தக் காலத்து கிரேக்கத்துல நம்புனாங்க. பிளேட்டோ கி.மு. 4-ம் நூற்றாண்டுல எழுதுன டிமேயஸ்ங்கிற நூல்ல, அது பிள்ளை வேணும்னு ஏங்குற ஒரு உயிர், ரொம்ப நாள் பிள்ளை தரிக்கலன்னா கோவிச்சுக்கிட்டு உடம்பு பூரா சுத்தி மூச்ச அடைக்கும்னு எழுதியிருக்காரு. அரெட்டேயஸ்னு ஒரு வைத்தியர் அது ஒரு விலங்குக்குள்ள இருக்குற இன்னொரு விலங்கு மாதிரின்னாரு. வைத்தியம் என்ன தெரியுமா, மூக்குக்கிட்ட நாத்தம் புடிச்சதக் காட்டுவாங்க, கீழ வாசனைப் பொருளப் புகைப்பாங்க, நாத்தத்துக்குப் பயந்து வாசனையத் தேடி அது கீழ இறங்கி வந்துடுமாம். எத்தன பொம்பளைங்க மூச்சு முட்டி, வலி தாங்காம, ரத்தம் போயி கெடந்திருப்பாங்க, அவங்க மூக்குல போயி இத வெச்சிருக்காங்க.

அதே காலத்துலயே ஒருத்தர் ஒழுங்கா சொல்லியிருக்காரு, அவர நான் மறக்க மாட்டேன். எபேசஸ் ஊர்க்காரர் சொரானஸ், கி.பி. 2-ம் நூற்றாண்டு, பொம்பளைங்க வைத்தியத்துக்குன்னே நூல் எழுதுனவரு. கர்ப்பப்பை பொந்துல இருந்து வர்ற மிருகம் மாதிரியெல்லாம் ஊர்ந்து போகாதுன்னு அடிச்சு சொன்னாரு. உண்மையும் அதுதானே, ரெண்டு பக்கமும் தசைநார் போட்டு இழுத்துக் கட்டுன மாதிரி இருக்கு, தளர்ந்து கீழ இறங்கலாம், முன்னயோ பின்னயோ சாயலாம், நெஞ்சுக்கெல்லாம் ஏறாது. என் ஆபரேஷன்லயும் அந்தத் தசைநாரையெல்லாம் ஒண்ணொண்ணா கட்டிக் கட்டி அறுத்துத்தான் எடுத்தாங்கன்னு டாக்டரம்மா சொன்னாங்க. சொரானஸ் சொல்லியும் ஊரு உலகம் கேக்கலயே. அதுக்கப்புறம் ஆயிரத்தி எண்ணூறு வருஷம் அந்தப் பேரு ஓடியிருக்கு. 19-ம் நூற்றாண்டுல பாரிஸ்ல சார்க்கோங்கிற டாக்டர் ஆம்பளைங்களுக்கும் ஹிஸ்டீரியா வருதுன்னு காட்டுனாரு, அப்பவும் பேரு கர்ப்பப்பை பேருதான். 1980-லதான் அமெரிக்கன் சைக்கியாட்ரிக் அசோசியேஷன் அவங்க நோய்ப் பட்டியல்ல இருந்து அந்தப் பேர எடுத்தாங்க. அப்போ எனக்கே மூணு வயசு. உன்ன யாராவது எப்பவாவது அந்த வார்த்தையச் சொல்லி வாயடைக்கப் பாத்தா விடாத அம்மு, ரத்த டெஸ்ட் எழுதிக் குடுங்கன்னு கேளு, ஸ்கேன் எழுதிக் குடுங்கன்னு கேளு.

சரி, மிச்சத்துக்கு வர்றேன். எனக்கு இருந்தது ஃபைப்ராய்டு, நார்க்கட்டி. மூணு. அதுல ஒண்ணு பெருசு, கர்ப்பப்பையே 14 வார சைஸ் ஆயிடுச்சுன்னாங்க, அதாவது மூணரை மாச கர்ப்பம் மாதிரி. கட்டிய மட்டும் எடுக்குறதும் உண்டு, அதுக்கு மயோமெக்டமின்னு பேரு, பிள்ளை வேணும்னு இருக்குறவங்களுக்கு அதப் பாப்பாங்க. எனக்கு மாத்திரை, ஊசி எல்லாம் பாத்து எதுவும் நிக்கலன்னுதான் இந்த முடிவு.

சால்பிங்கெக்டமில வர்ற சால்பிங்க்ஸ்ங்கிறது எக்காளம். கிரேக்கப் போர் வீரங்க ஊதுன நீட்டு வெண்கல எக்காளம். கர்ப்பப்பையோட ரெண்டு பக்கமும் போற கருக்குழாய்க்கு இந்தப் பேரு, ஏன்னா கர்ப்பப்பை ஓரத்துல மெல்லிசா ஆரம்பிச்சு முட்டைப்பை பக்கத்துல போயி எக்காளம் மாதிரியே விரிஞ்சு நிக்கும். இத்தாலியில ஃபலோப்பியோங்கிற உடற்கூறு ஆசிரியர் 1561-ல எழுதுன புத்தகத்துல எக்காளம்னு சொன்னாரு, அவரு பேருலதான் ஃபலோப்பியன் டியூப். இத எதுக்கு எடுக்கணும்னு கேட்டேன். பிள்ளை பெத்து முடிச்சவங்களுக்கு அதுனால இனி உபயோகமில்ல, ஆனா ஓவரி, அதான் முட்டைப்பை, அதுல வர்ற கேன்சர்ல மோசமான வகை நெறைய அந்தக் குழாயோட விரிஞ்ச நுனியிலதான் ஆரம்பிக்குது, அதனால கூடவே எடுத்துடுறோம்னாங்க. சரின்னேன்.

இப்பதான் முக்கியமான விஷயம். ஆபரேஷனுக்கு மொத நாள் கையெழுத்து போடுற ஃபாரம் கொண்டு வந்தாங்க. சின்ன வயசுப் பொண்ணு, உன் வயசுதான் இருக்கும், வேகமா பேனாவ நீட்டுனா. நான் கண்ணாடி போட்டுக்கிட்டு படிச்சேன். டோட்டல் அப்டாமினல் ஹிஸ்டெரெக்டமி, வயித்தத் திறந்து கர்ப்பப்பைய எடுக்குறது, சரி. பைலேட்டரல், ரெண்டு பக்கமும், சரி. சால்பிங்கோ, எக்காளம், சரி. அதுக்கப்புறம் ஓ ஓ-ன்னு ரெண்டு ஓ வந்து ஃபொரெக்டமின்னு நின்னுச்சு. அந்த ரெண்டு ஓ-வும் என் பேப்பர்ல இல்லயே. ஓஒன்னா முட்டை, ஃபோரோஸ்னா சுமக்குறது, முட்டையச் சுமக்குறது, ஓவரி. ஓவரி ரெண்டும் நல்லா இருக்கு, அத விட்டுடுவோம்னு பெரிய டாக்டரம்மா எங்கிட்ட தெளிவா சொல்லியிருந்தாங்க. ஓவரிய எடுத்துட்டா அடுத்த நாளே மெனோபாஸ், நாப்பத்தேழு வயசுல எலும்புக்கும் இதயத்துக்கும் நல்லதில்லன்னு அவங்களே சொன்னது.

கை நடுங்குச்சு அம்மு. ஆனா கேட்டுட்டேன். "இதுல ஊஃபோரெக்டமின்னு இருக்கும்மா, ஓவரிய எடுக்கலன்னுதானே பேச்சு?" அந்தப் பொண்ணு வாங்கிப் பாத்துச்சு, மொகம் மாறிடுச்சு, இருங்க ஆன்ட்டின்னு ஓடிச்சு. பத்து நிமிஷத்துல டாக்டரம்மாவே வந்தாங்க, அந்த வரிய அடிச்சுட்டு பைலேட்டரல் சால்பிங்கெக்டமின்னு கையால எழுதி, ஓவரி ரெண்டையும் விடணும்னு கீழ ஒரு வரி சேத்து, பக்கத்துல கையெழுத்து போட்டு தேதி போட்டாங்க. அப்புறம்தான் நான் போட்டேன்.

அதனால நீ கேட்டதுக்கு பதில், இல்ல கண்ணு, எல்லாத்தையும் எடுக்கல. டோட்டல்ங்கிற வார்த்தையப் பாத்துதான் எல்லாரும் பயப்படுறாங்க, அதுக்கு அர்த்தம் கர்ப்பப்பையோட அதோட வாயும் சேத்து எடுக்குறாங்கங்கிறது மட்டும்தான். நம்ம கர்ப்பப்பை வாய்ன்னு சொல்றோம், அவங்க அதையே கழுத்துங்கிறாங்க, செர்விக்ஸ்னா லத்தீன்ல கழுத்து. வாய விட்டுட்டு எடுத்தா அது சப்டோட்டல், அப்படி எடுத்துக்கிட்டவங்க வாய்ல கேன்சர் வருதான்னு பாக்குற பாப் ஸ்மியர் டெஸ்ட்டத் தொடர்ந்து எடுக்கணும். ஓவரி எனக்கு ரெண்டும் உள்ளேயே இருக்கு. இனிமே பீரியட்ஸ் வராது, அவ்ளோதான். மெனோபாஸ் கொஞ்சம் முன்கூட்டி வரலாம்னாங்க, வரட்டும், அப்போ பாத்துக்கலாம்.

நேத்து கட்டு பிரிச்சாங்க. கண்ணாடி கேட்டு வாங்கிப் பாத்தேன், பாக்காதீங்கன்னு நர்ஸ் சொல்லியும் கேக்கல. புதுசா ஒரு கோடு இருக்கும்னு நெனச்சேன், இல்ல. உன்ன எடுத்த பழைய தழும்பு இருக்கே, அடிவயித்துல குறுக்கால வெள்ளையா, நீ சின்னதுல வெரல் வெச்சு தடவித் தடவி இங்கருந்தா வந்தேன்னு கேப்பியே, அந்தக் கோட்டுமேலயே திறந்து அந்தக் கோட்டுமேலயே தெச்சிருக்காங்க. இப்போ செவப்பா இருக்கு. நீ வந்த வழியாவேதான் நீ இருந்த எடமும் வெளிய வந்திருக்கு.

எடுத்ததை டெஸ்ட்டுக்கு அனுப்பியிருக்காங்க, ரிப்போர்ட் வர ஒரு வாரம் ஆகும், வந்த உடனே ஃபோட்டோ எடுத்து அனுப்புறேன். அதுலயும் நீளமா ஏதாச்சும் எழுதியிருப்பாங்க. மொதல்ல நீ பிரிச்சுப் படி, அப்புறம் எனக்கு ஃபோன் பண்ணு, ரெண்டு பேரும் சேந்து பாப்போம்.

ஆறு வாரம் வெயிட் தூக்கக் கூடாதுன்னுட்டாங்க, அப்பாதான் எல்லாம் பாக்குறாரு. நீ லீவு போட்டு அவசரமா வர வேண்டாம், பரீட்சைய முடிச்சுட்டு வா.

அம்மா