செயலாளரின் ஆண்டறிக்கை: ஒளிப்பதிவாளர்களுக்கு ஒதுக்கிய ஆண்டு

தலைவர் அவர்களுக்கும் அங்கத்தவர்களுக்கும் வணக்கம்.

கடந்த பொதுக்கூட்டத் தீர்மானப்படி, எமது திரைப்பட வட்டத்தின் இவ்வாண்டுத் திரையிடல்கள் எல்லாம் இலங்கை ஒளிப்பதிவாளர்களை முன்வைத்தே நடந்தன. நடிகர் பெயரில்லாமல் வெள்ளவத்தையில் யார் வருவார் என்று செயற்குழுவிலேயே கேட்கப்பட்டது. வந்தார்கள்.

வில்லியம் பிளேக்கில் தொடங்கினோம். அரசாங்கத் திரைப்படப் பிரிவில் ஆவணப்படம் எடுத்துப் பழகியவர். அன்றைய சிங்களப் படங்கள் பெரும்பாலும் தென்னிந்தியக் கலையக செட்டுகளில் உருவாகிக்கொண்டிருக்க, 1956இல் இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘ரேகாவ’ படத்தைக் கிராமத்து வெயிலிலேயே எடுத்தார். நம் நாட்டு நண்பகல் வெயில் உச்சந்தலையில் விழும், கண்குழிகள் கறுத்துவிடும். வெள்ளைப் பலகையாலோ துணியாலோ கீழிருந்து ஒளியைத் திருப்ப வேண்டும், இல்லையேல் காலையிலும் மாலையிலும் எடுக்க வேண்டும். பீரிஸுக்காகப் பிளேக்கே எடுத்த ‘கம்பெரலிய’ இன்னும் கடினம். கலையகத்துக்குள் போகாமல், ஒரு விளக்கும் கையில் பிடித்த சில விளக்குகளுமாக எடுக்கப்பட்ட படம் அது. அவ்வளவு குறைந்த ஒளிக்கு வில்லையின் துவாரத்தைப் பெரிதாகத் திறக்க வேண்டியிருக்கும். அப்போது குவியத்தின் ஆழம், அதாவது படம் தெளிவாக விழும் தூரவரம்பு, சுருங்கும். நடிகர் ஓரடி முன்னே வந்தாலே முகம் மங்கும். அதனால்தான் குவியம் பார்க்கும் உதவியாளர் அளவுநாடாவால் தூரத்தை அளந்து தரையில் குறியிடுகிறார். நாடாவைப் பிடிக்கத் தெரியாதவர் ஒளிப்பதிவாளர் ஆவது அரிது என்பது எமது கருத்து.

அடுத்து எம். எஸ். ஆனந்தன் ஒளிப்பதிவு செய்த ‘நிதானய’. 2013இல் மீட்டெடுக்கப்பட்ட பிரதி வெனிஸ் விழாவில் காட்டப்பட்டது. நம்மில் பலர் இப்படத்தைத் தேய்ந்த வீடியோவில் பார்த்துவிட்டு ‘இருட்டாக இருக்கிறது’ என்று முடிவுகட்டியவர்கள். பிரதியிலிருந்து பிரதி எடுக்க எடுக்க ஒளிக்கும் நிழலுக்கும் இடையிலான மாறுபாடு கூடும். நிழலுக்குள் இருந்த சாம்பல் நிறங்கள் ஒரே கறுப்பாகிவிடும். பழி மட்டும் ஒளிப்பதிவாளர் தலையில். மூல நெகட்டிவ் இருந்தால் மீளலாம். 1983 யூலையில் ஹெந்தளை விஜயா கலையகம் எரிந்தபோது நெகட்டிவ்களும் எரிந்தன. அதற்குப் பரிகாரம் கிடையாது.

இளையோருக்கான பயிற்சிப் பட்டறையில் முதலில் பிலிம் கணக்கு: 35 மி.மீ. பிலிமில் 1000 அடி, வினாடிக்கு 24 பிரேம் வீதம் சுமார் 11 நிமிடம்தான் ஓடும். ஒத்திகைக்கு இத்தனை மதிப்பு ஏன் என்பது அப்போதுதான் உறைத்தது. பிறகு டிஜிட்டல் கமரா. குழல்விளக்கின் கீழ் எடுத்த காட்சி துடிக்கிறதென்று பலர் முறையிட்டார்கள். இங்கே மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். விளக்கு வினாடிக்கு 100 தடவை மங்கி எழும். 24 பிரேமில் ஷட்டரின் திறப்பை 180 பாகையில் வைத்தால் ஒவ்வொரு பிரேமும் ஒளி பெறுவது 1/48 வினாடி, அது விளக்கோடு ஒத்துப்போகாது. 172.8 பாகைக்கு, அதாவது 1/50க்கு மாற்றினால் துடிப்பு நிற்கும்.

வில்லைகளில் பூஞ்சணம் பிடிப்பது கடற்கரை நகரத்து நோய். வட்டத்தின் வில்லைகளை இறுக மூடும் பெட்டியில், ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல்லுடன் வைத்திருக்கிறோம். ஜெல்லின் நிறம் மாறியதும் சூடாக்கி உலர்த்த ஒருவரைப் பொறுப்பாக்க வேண்டும். பெயர் கொடுக்க இதுவரை எவரும் முன்வரவில்லை.

அங்கத்தவர் வீடுகளில் பழைய ரீல் பெட்டிகள் இருந்தால் திறந்து மணந்து பாருங்கள். வினாகிரி வாடை வந்தால் பிலிமின் அசிற்றேட் அடித்தளம் சிதையத் தொடங்கிவிட்டது. மற்றப் பெட்டிகளிலிருந்து பிரித்து, குளிரான உலர்ந்த இடத்தில் வைத்துவிட்டு எமக்கு அறிவியுங்கள். ஓட்டிப் பார்க்கும் ஆசையில் புரொஜெக்டரில் ஏற்ற வேண்டாம். சுருங்கிய பிலிமின் துளைகள் பற்சக்கரத்தில் கிழியும்.

கணக்கறிக்கையைப் பொருளாளர் சமர்ப்பிப்பார்.

செயலாளர்
கொழும்பு