அமீனா இல்லாத நீதிமன்றம்

கும்பகோணம்,
14.7.2025

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அமெரிக்க அதிபரின் ஆணைகளை அங்குள்ள நீதிபதிகள் அடுத்தடுத்து நிறுத்திவைப்பதைப் பாராட்டிச் சென்ற இதழில் தலையங்கம் எழுதியிருந்தீர்கள். அதிபரையே கட்டிப்போடும் வல்லமை அங்கே நீதிமன்றத்துக்கு உண்டு என்ற வரியை இரண்டு முறை படித்தேன். 34 ஆண்டுகள் நீதிமன்ற ஊழியனாக இருந்து, சிரஸ்தாராக, அதாவது நீதிமன்ற அலுவலகத்தின் தலைமை எழுத்தராக, ஓய்வு பெற்றவன் நான். அந்த வரி பாதிதான் உண்மை என்பது என் எண்ணம். மீதிப் பாதியைச் சொல்லவே இதை எழுதுகிறேன். என் தங்கை மகளின் பொருட்டும் எழுதுகிறேன்.

தீர்ப்பு சொல்வது வேறு, அது நடப்பது வேறு என்பதை உத்தரவுகளை நிறைவேற்றும் நாசர் பிரிவில் உட்கார்ந்தவனுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. டிக்ரியின், அதாவது தீர்ப்பாணையின், சான்றிட்ட நகலை மஞ்சள் பையில் சுருட்டி எடுத்துக்கொண்டு ஒரு மூதாட்டி வாராவாரம் வருவார். நிலம் அவருக்குத்தான் என்று தீர்ப்பாகி ஆறு வருடம் ஆகியிருந்தது. உத்தரவை நேரில் போய் நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியரான அமீனா போவார். வாசலில் பூட்டுத் தொங்கும், எதிரே நாலு பேர் நிற்பார்கள். "சுவாதீனம் எடுக்க இயலவில்லை" என்று எழுதிக்கொண்டு திரும்பிவிடுவார். கடைசியில் போலீஸ் பந்தோபஸ்து கிடைத்த அன்றுதான் அந்த அம்மாள் தன் வரப்பில் கால் வைத்தார். நீதிபதியின் கையெழுத்துக்கு உயிர் கொடுத்தது நீதிமன்றத்துக்கு வெளியே இருந்த ஒரு கை.

அமெரிக்காவில் மத்திய நீதிமன்றங்களுக்கு அமீனா வேலை பார்ப்பவர்கள் மார்ஷல்கள். அவர்கள் நீதிமன்றத்தின் ஆட்கள் அல்லர். நீதித்துறை அமைச்சகத்தின் கீழ், அட்டர்னி ஜெனரலுக்குக் கட்டுப்பட்டவர்கள். அந்த அட்டர்னி ஜெனரலை நியமிப்பவர் அதிபர். ஆக, அதிபருக்கு எதிராகப் போட்ட உத்தரவை நிறைவேற்ற அதிபரின் ஆட்களையே நம்பியிருக்க வேண்டும். அரசமைப்பை ஏற்பதா வேண்டாமா என்று வாதம் நடந்த 1788இலேயே, அந்த நாட்டை உருவாக்கியவர்களில் ஒருவரான அலெக்சாண்டர் ஹாமில்டன் இதைச் சொல்லிவிட்டார்: நீதித்துறையின் கையில் வாளும் கிடையாது, கஜானாவும் கிடையாது, தீர்ப்பு மட்டும்தான் உண்டு.

1832இல் இது பட்டவர்த்தனமாகத் தெரிந்தது. செரோக்கி என்ற அமெரிக்கப் பழங்குடி மக்களின் மண்ணில் ஜார்ஜியா மாநிலத்தின் சட்டம் செல்லாது என்று தலைமை நீதிபதி ஜான் மார்ஷல் தீர்ப்பளித்தார். ஜார்ஜியா அதைப் பொருட்படுத்தவில்லை. அதிபர் ஆண்ட்ரூ ஜாக்சனும் கை கட்டிக்கொண்டு இருந்தார். ஆறு வருடம் கழித்து ராணுவம் வந்து அந்த மக்களைக் கூட்டம் கூட்டமாக மேற்கே ஓட்டிச் சென்றது. வழியில் ஏறக்குறைய 4,000 பேர் மடிந்தார்கள். வழக்கில் வென்ற மக்கள் அவர்கள்.

இதற்கு நேர் எதிரான ஒரு நாள் உண்டு. எனக்கு மிகவும் பிடித்த நாள் அது. கொரியப் போர் நடந்துகொண்டிருந்த 1952 ஏப்ரலில் எஃகு ஆலைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்துக்குத் தயாரானார்கள். போருக்கு எஃகு வேண்டுமே என்று அதிபர் ட்ரூமன் ஆலைகளை அரசின் வசம் எடுத்துக்கொண்டார். வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. அன்றிருந்த ஒன்பது நீதிபதிகளும் முந்தைய அதிபர் ரூஸ்வெல்ட்டோ ட்ரூமனோ நியமித்தவர்கள். அதிலும் நால்வர் ட்ரூமனே கைப்பட நியமித்தவர்கள். ஜூன் 2 அன்று 6-3 என்று தீர்ப்பு வந்தது: நாடாளுமன்றம் தராத அதிகாரத்தை அதிபர் தானாக எடுத்துக்கொள்ள முடியாது. அவர் நியமித்த நால்வரில் இருவர் அவருக்கு எதிராகக் கையெழுத்திட்டிருந்தார்கள். ட்ரூமனுக்குக் கோபம் இல்லாமல் இல்லை. ஆனாலும் அன்றைக்கே ஆலைகளைத் திருப்பிக் கொடுத்தார். உடனே வேலைநிறுத்தம் தொடங்கி ஏழு வாரத்துக்கு மேல் நீடித்தது. போர்க்காலத்தில், தோற்ற அன்றே, போலீஸும் அமீனாவும் இல்லாமல் ஓர் அதிபர் பணிந்தார். அங்கே நீதிமன்றத்தின் வல்லமை என்று ஒன்று இருந்தால், அது இந்தப் பணிவில்தான் இருக்கிறது. 1957இல் அதிபர் ஐசனோவர், பள்ளிகளில் இனப் பிரிவினை கூடாது என்ற, தான் பொதுவெளியில் ஆதரித்துப் பேசவே தயங்கிய ஒரு தீர்ப்புக்காக, லிட்டில் ராக் நகரில் ஒன்பது கறுப்பின மாணவர்களைப் பள்ளிக்குள் அழைத்துப் போக ராணுவத்தை அனுப்பினாரே, அதுவும் இந்த ரகம்தான்.

இனி என் தங்கை மகளைப் பற்றி. டெக்சாஸில் இருக்கிறாள். மாப்பிள்ளைக்கு எச்-1பி என்ற தற்காலிக வேலை விசா. இவளுக்கு இது எட்டாம் மாதம்; ஆகஸ்டில் பிரசவம். தற்காலிக விசாவில் இருப்பவர்களுக்குப் பிறக்கும் குழந்தைக்குக் குடியுரிமை கிடையாது என்று அதிபர் டிரம்ப் ஜனவரி 20 அன்று ஆணை போட்டார். 1868இல் வந்த 14ஆவது திருத்தம் அந்த மண்ணில் பிறந்தவர் அந்நாட்டுக் குடிமகன் என்கிறது. சான்ஃபிரான்சிஸ்கோவில் சீனப் பெற்றோருக்குப் பிறந்த வாங் கிம் ஆர்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1898இலேயே அதை உறுதி செய்திருக்கிறது. ஆணை வந்த மூன்றாம் நாளே சியாட்டில் நீதிபதி ஜான் கஃப்னவர் அதை நிறுத்திவைத்தார். அவர் டிரம்பின் கட்சியைச் சேர்ந்த முன்னாள் அதிபர் ரீகன் நியமித்தவர். அவர் தடை போட்ட அன்று எங்கள் வீட்டில் எல்லோரும் நிம்மதியாகத் தூங்கினோம்.

ஜூன் 27 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தூக்கத்தைக் கெடுத்தது. ஆணை சரியா தவறா என்று அது சொல்லவே இல்லை. வழக்குப் போட்டவருக்கு வேண்டிய அளவைத் தாண்டி, நாடு முழுவதற்கும் தடை விதிக்கும் அதிகாரத்தை 1789ஆம் ஆண்டு நீதித்துறைச் சட்டம் மாவட்ட நீதிபதிக்குத் தரவில்லை என்று 6-3 என்ற கணக்கில் சொன்னது. ஆணை நடைமுறைக்கு வர 30 நாள் இடைவெளியும் கொடுத்தது. வழக்குப் போட்ட மாநிலங்கள் 22. நியூஜெர்சி அதில் இருக்கிறது. டெக்சாஸ் இல்லை.

மறுநாள் அவள் போனில் கேட்டாள்: "மாமா, நான் நியூஜெர்சிக்குப் போய்ப் பிள்ளை பெற்றுக்கொள்ளட்டுமா?" என் அண்ணன் மகன் அங்கே எடிசனில் இருக்கிறான். சமையலறைக் காலண்டரில் இரண்டு தேதிகளை வட்டமிட்டு வைத்திருப்பதாகச் சொன்னாள். ஒன்று மருத்துவர் சொன்ன பிரசவத் தேதி, மற்றொன்று ஜூலை 27. எத்தனையோ கட்சிக்காரர்களுக்கு வாய்தா தேதி எழுதிக் கொடுத்த எனக்கு அவளுக்குப் பதில் சொல்ல வாய் வரவில்லை.

ஒற்றை நீதிபதி நாடு முழுவதற்கும் தடை போடுவது நல்ல ஏற்பாடா என்ற கேள்வி நியாயமானது. 2015இல் ஒபாமாவின் குடியேற்றத் திட்டத்தை டெக்சாஸில் ஒரு நீதிபதி அப்படித்தான் நிறுத்தினார். இன்று தடையை மெச்சுகிறவர்கள் பலர் அன்று அதைத் தூற்றினார்கள். எந்த நீதிபதி சாதகமானவர் என்று பார்த்து ஊரைத் தேர்ந்தெடுத்து வழக்குப் போடும் பழக்கத்துக்குக் கடிவாளம் வேண்டும்தான். ஆனால் அரசமைப்பிலேயே எழுதிவைத்த பிறப்புரிமையில் போய் அந்தக் கடிவாளத்தைப் போட்டால், வக்காலத்துப் போட்டவன் பிள்ளைக்கு ஒரு சட்டம், போடாதவன் பிள்ளைக்கு ஒரு சட்டம் என்று ஆகிவிடும். நீதிமன்றத்தில் வேலை பார்த்தவன் என்பதால் இன்னொன்றும் தெரிகிறது. கீழ்க்கோர்ட்டுகளில் தோற்கும் அரசு, மேல்முறையீடே செய்யாமல், தோற்ற இடத்தில் மட்டும் நிறுத்திக்கொண்டு மற்ற இடங்களில் ஆணையை நடத்திக்கொண்டே போகலாம். ட்ரூமன் அன்று ஒரே நாளில் பணிந்தாரே, அந்தப் பணிவுக்கே இனி அவசியம் இல்லாமல் போய்விடும்.

நல்லவேளையாக, ஜூலை 10 அன்று நியூ ஹாம்ப்ஷயர் நீதிபதி ஜோசஃப் லாப்லான்ட் வேறு வழியைக் கண்டார். பிப்ரவரி 20 முதல் பிறந்த, பிறக்கப்போகிற இத்தகைய குழந்தைகள் அனைவரையும் ஒரே வழக்கின் தரப்பாகச் சேர்த்துத் தடை விதித்திருக்கிறார். அரசின் மேல்முறையீட்டுக்காக ஏழு நாள் அவகாசமும் தந்திருக்கிறார். உச்ச நீதிமன்றம் அடைக்காமல் விட்ட வழி இது.

உங்கள் இதழின் முதல் பக்கத்தில் "அமெரிக்காவில் பிறந்தாலும் குடியுரிமை இல்லை" என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தீர்கள். லாப்லான்ட்டின் உத்தரவைப் பற்றி உள்பக்கத்தில்கூட ஒரு வரி இல்லை. என் தங்கை அந்தத் தலைப்பைப் படித்துவிட்டு அன்று இரவு சாப்பிடவில்லை. இந்த உத்தரவு யாருக்குப் பொருந்தும், எந்தத் தேதியிலிருந்து, மேல்முறையீட்டில் என்ன ஆகிறது என்பதை அடுத்த இதழில் அரைப் பக்கம் ஒதுக்கித் தெளிவாக எழுதுங்கள். பெட்டியைக் கட்டுவதா வேண்டாமா என்று தெரியாமல் அவள் அங்கே காத்திருக்கிறாள்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற சிரஸ்தார் ஒருவர்